மாலைப் பள்ளிக்கு வந்த வீடியோ கேம்

கடந்த சில மாதங்களாக இந்தப் பக்கத்தில் வன்கொடுமை வழக்கு, நிலுவையில் கிடக்கும் உதவித்தொகை, சுடுகாட்டுப் பாதை என்றே எழுதிவந்தோம். இந்த முறை வீடியோ கேம் பற்றி எழுதப்போகிறோம். தோழர்கள் சிரிக்கலாம், ஆனால் கடைசிவரை படித்துவிட்டுச் சிரியுங்கள்.

எங்கள் காலனியில் சமுதாயக் கூடத்தின் பக்கத்து அறையில் மாலைப் பள்ளி நடத்துகிறோம். நாங்கள் ஐந்து பேர். பிள்ளைகள் முப்பத்தைந்து, சில நாள் நாற்பது. ஆறு மணிக்குத் தொடங்கினால் எட்டு மணிவரை போகும். வீட்டுப்பாடம், வாசிப்பு, கணக்கு, சனிக்கிழமை மட்டும் பறை. போன அரையாண்டு விடுமுறையில் இங்கே ஒரு பார்சல் வந்தது. ஆய்வுக்காக எங்களோடு மூன்று மாதம் தங்கிவிட்டு வெளிநாடு திரும்பிய தோழி ஒருவர் அனுப்பியிருந்தார். அவருடைய மகனுக்கு வயது கூடிவிட்டதாம், இனி அவன் தொடமாட்டானாம். பிரித்தால் உள்ளங்கையில் அடங்கும் ஒரு சாம்பல் நிறப் பெட்டி, ஒரே ஒரு ஜாய்ஸ்டிக், இரண்டு ஒயர்.

நின்டெண்டோ நிறுவனம் 1980களில் விற்ற என்.இ.எஸ். என்ற வீடியோ கேம் பெட்டியின் குட்டி வடிவம் அது. 2016 நவம்பரில் வந்தது. அமெரிக்காவில் விலை 60 டாலர். பழைய பெட்டியில் கேசட் சொருக வேண்டும், இதில் கேசட் கிடையாது. 30 ஆட்டங்களை உள்ளேயே ஏற்றி மூடிவிட்டார்கள். அந்த முப்பதோடு சரி, காசு கொடுத்தாலும் முப்பத்தொன்றாவது வாங்க முடியாது. அப்படியும் கடைகளில் அடித்துப்பிடித்து வாங்கினார்கள். 2017 ஏப்ரலில் உற்பத்தியை நிறுத்தி, கள்ள விலைக்குப் போனபிறகு 2018 ஜூனில் மறுபடி விற்றார்கள். வாங்கியவர்கள் பெரும்பாலும் குழந்தைகள் இல்லை, முப்பது வருடத்துக்கு முன் குழந்தைகளாக இருந்தவர்கள்.

முதல் நாளே ஒரு சிக்கல். பெட்டிக்கு எச்.டி.எம்.ஐ. ஒயர்தான் உண்டு. எங்களிடம் இருந்ததோ 2006இல் தி.மு.க. அரசு தொடங்கிய இலவசத் திட்டத்தில் வந்த 14 அங்குலக் கலர் டிவி. மஞ்சள், வெள்ளைத் துளைகள் மட்டும் உள்ள ரகம். ஒரு வீட்டில் பரணில் கிடந்ததை இறக்கித் துடைத்து வைத்திருந்தோம். சென்னைக்குக் கூட்டத்துக்குப் போன தோழர் ரிச்சி தெருவில் தீப்பெட்டி அளவுக்கு ஒரு மாற்றி வாங்கிவந்தார். அதை மாட்டியதும் படம் வந்தது, ஆனால் கறுப்பு வெள்ளையில். அரைமணி நேரம் ஒயரைத் திருகிப் பார்த்து, கடைசியில் மாற்றியின் பக்கவாட்டில் பால், என்.டி.எஸ்.சி. என்று ஒரு சின்ன விசை இருப்பதை ஏழாம் வகுப்புப் பையன்தான் கண்டுபிடித்தான். தள்ளியதும் மரியோவின் சட்டை சிவப்பானது. அன்று மாலைப் பள்ளியில் எழுந்த சத்தம் தார்ச்சாலைவரை கேட்டிருக்கும்.

ஜாய்ஸ்டிக் ஒயரின் நீளம் இரண்டரை அடி. அந்தக் காலத்துப் பெட்டிக்கு இதைவிடப் பல மடங்கு நீளமாக இருந்தது. குட்டிப் பெட்டிக்கு ஒயரையும் குட்டியாக்கிவிட்டார்கள் போலிருக்கிறது. முப்பத்தைந்து பிள்ளைகள் 14 அங்குல டிவிக்கு முன்னால் இரண்டரை அடிக்குள் உட்கார வேண்டும். எப்படி உட்கார்ந்தார்கள் என்பதை உங்கள் கற்பனைக்கே விடுகிறோம்.

ஒரு வாரத்தில் முப்பதில் எது எங்களுக்கு, எது இல்லை என்று பிள்ளைகளே பிரித்துவிட்டார்கள். மரியோ மூன்றும் ஓடின. பைக் பந்தயமான எக்சைட்பைக் ஓடியது. பலூன் ஃபைட் சின்னப் பிள்ளைகளுக்கு. அமெரிக்கக் கால்பந்து ஆட்டம் ஒன்று உண்டு, டெக்மோ போல். அதில் பந்தை எதற்காகத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள், எதற்காக மேலே விழுகிறார்கள் என்று எங்களில் எம்.ஏ. படித்தவர்களுக்கே புரியவில்லை. ஃபைனல் ஃபேன்டசி முழுக்க ஆங்கில வாசகம். ஒரு பிள்ளை எழுத்துக்கூட்டிப் படித்து முடிப்பதற்குள் பக்கத்தில் இருப்பவன் பொத்தானைத் தட்டிவிடுவான்.

பிறகு அப்பாக்கள் வரத் தொடங்கினார்கள். கொத்தனார் வேலை முடித்து, பிள்ளையைக் கூட்டிப்போகிற சாக்கில் வந்து வாசலில் நிற்பார்கள். முப்பத்தைந்து, நாற்பது வயதுக்காரர்கள். இரண்டு நிமிடம் பார்த்துவிட்டுக் கேட்பார்கள்: "டேங்க் ஆட்டம் இல்லியா இதுல?" இன்னொருவர், "கார் ஒண்ணு போவுமே, எண்ணெய்ல வழுக்கினு சுவத்துல மோதுமே, அது?" வேறொருவருக்குக் கான்ட்ரா வேண்டும். கான்ட்ராவின் இரண்டாம் பாகம் பெட்டியில் இருந்தது. அதைப் போட்டுக் காட்டினோம். "இது இல்லம்மா, இது வேற" என்று போய்விட்டார்.

இந்தப் பெட்டி யாருடைய பழைய நினைவை விற்கிறது என்று அப்போதுதான் யோசித்தோம். டேங்க் ஆட்டத்தின் பெயர் பேட்டில் சிட்டி. 1985இல் நாம்கோ நிறுவனம் ஜப்பானுக்காகப் போட்டது, அந்தக் காலத்தில் அமெரிக்கக் கடைகளுக்குப் போகவே இல்லை. கார் ஆட்டம் ரோட் ஃபைட்டர், கொனாமி நிறுவனத்தின் ஆட்டம், அதுவும் ஜப்பான் பெட்டிக்கு 1985இல் வந்தது. இவை இரண்டும் அமெரிக்கச் சிறுவர்களின் நினைவில் இல்லை, ஆகவே அந்த முப்பதிலும் இல்லை. நமக்கு வந்துசேர்ந்தவை நின்டெண்டோ விற்ற பெட்டிகள் அல்ல. ஜப்பான் பெட்டியை அப்படியே நகலெடுத்து, பெயரை மாற்றி, 'ஆயிரம் ஆட்டம்' என்று மேலே அச்சடித்த கேசட்டோடு பஜார் கடைகளில் வந்த நகல்கள்தான் தொண்ணூறுகளில் இங்கே ஓடின. ஆயிரம் என்று போட்டிருக்கும். எண்ணிப் பார்த்தால் இருபதோ முப்பதோதான், மீதியெல்லாம் அதே ஆட்டம் வேறு பெயரில் திரும்பத் திரும்ப வரும். அந்தப் பிள்ளைப்பருவம் எந்த நிறுவனத்தின் கணக்கிலும் ஏறவில்லை. ஏறாததை அவர்கள் நினைவுப் பெட்டியாகச் செய்து விற்கவும் முடியாது.

எங்களுக்கும் அப்படி ஒரு நினைவு உண்டு. எங்களில் மூன்று பேர் ஒரே காலனியில் வளர்ந்தவர்கள். ஊர்த்தெருவில் ஒரு வீட்டுத் திண்ணையில் வீடியோ கேம் வாடகைக்கு விட்டார்கள், இரண்டு ரூபாய்க்குக் கால் மணி நேரம். காலனிப் பிள்ளைகளைத் திண்ணையில் ஏற்றமாட்டார்கள், கீழே நின்று ஆட வேண்டும். அது அன்று எங்களுக்குப் பெரிய விஷயமாகப்படவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். நிற்பது பழகியிருந்தது. இரண்டு ஜாய்ஸ்டிக் இருந்தன. ஒன்று எப்போதும் எங்களுக்கு என்று தனியாகச் சுவரோரம் தொங்கும். அதில் 'ஏ' பொத்தான் உள்ளே அமுங்கிப்போய் வேலை செய்யாது. இந்த ஆட்டங்கள் ஆடியவர்களுக்குத் தெரியும், 'ஏ' பொத்தான் இல்லையென்றால் குதிக்க முடியாது. கான்ட்ராவில் குதிக்காமல் எவ்வளவு தூரம் போவீர்கள்? முதல் திரையைத் தாண்டுவதற்குள் மூன்று உயிரும் போய்விடும். கால் மணி நேரத்துக்கான காசு, மூன்று நிமிடத்து ஆட்டம்.

"காலனிப் பசங்களுக்கு ஆடத் தெரியாது" என்பார்கள். நாங்களும் நம்பினோம். வீட்டுக்கு நடந்து வரும்போது எங்களுக்குள்ளேயே, நீ சரியாக அமுக்கவில்லை, நீதான் பயந்துவிட்டாய் என்று சண்டை போட்டுக்கொள்வோம். தேநீர்க் கடையில் இரட்டைக் குவளை இருப்பதைக் கண்டித்து ஊர்வலம் போனபோதுகூட எங்களுக்கு அந்தத் திண்ணை நினைவுக்கு வரவில்லை. கல்லூரிக்கு வந்து, விடுதியில் ஒரு நண்பனின் கணினியில் கான்ட்ரா ஆடி, முதல் திரையைச் சுலபமாகத் தாண்டியபோதுதான் உறைத்தது. அன்று இரவு எங்களில் ஒருவர் அழுததாகச் சொல்வார். நாங்கள் கேலி செய்வோம். ஆனால் ஏன் அழுதார் என்று கேட்டதில்லை.

சரி, பெட்டிக்கு வருவோம். உள்ளே இடம் இல்லாமல்தான் முப்பதோடு நிறுத்தினார்களா என்றால் அதுவும் இல்லை. உள்ளே இருப்பது லினக்ஸ் ஓடும் ஒரு சின்னக் கணினி. சேமிப்பு 512 மெகாபைட். முதல் மரியோ ஆட்டத்தின் அளவு வெறும் 40 கிலோபைட். இன்று நாம் வாட்ஸ்அப்பில் அனுப்பும் 'காலை வணக்கம்' படம் அதைவிடப் பெரியது. நூற்றுக்கணக்கான ஆட்டங்களுக்கு இடம் காலியாகக் கிடக்கிறது, கதவுதான் இல்லை. பெட்டி விற்பனைக்கு வந்த இரண்டே மாதத்தில், 2017 ஜனவரியில், ஆர்வலர்கள் அந்தக் கதவைக் கண்டுபிடித்தார்கள். கிளஸ்டர் என்ற புனைபெயருள்ள ரஷ்ய நிரலாளர் அதை எல்லோரும் பயன்படுத்தும்படி ஒரு மென்பொருளாக ஆக்கி இலவசமாகக் கொடுத்தார். ஹக்ச்சி என்று பெயர். பின்னால் வேறு ஆர்வலர்கள் சேர்ந்து அதை வளர்த்திருக்கிறார்கள்.

எங்களுக்குப் பயம் இருந்தது. தானமாக வந்த பொருள், கெட்டுப்போனால் இன்னொன்று வாங்க வழியில்லை. "அனுப்புனவங்க கேட்டா என்ன சொல்றது?" என்று ஒருவர். "இருக்கறத வெச்சு ஆடட்டுமே" என்று இன்னொருவர். இந்த வாக்கியத்தை வாழ்நாள் முழுக்க மற்றவர் வாயிலிருந்து கேட்டிருக்கிறோம். எங்கள் வாயிலிருந்தே வந்ததும் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. தோழிக்கு எழுதிக் கேட்டோம். உங்கள் பெட்டி, உங்கள் இஷ்டம் என்று பதில் வந்தது.

ப்ளஸ் டூவில் அரசு கொடுத்த இலவச மடிக்கணினி எங்களில் ஒருவரிடம் இன்னும் ஓடுகிறது. பேட்டரி செத்துவிட்டது, ஒயரைச் சொருகினால் ஓடும். அதில் ஹக்ச்சியை இறக்கினோம். செய்முறை இவ்வளவுதான். பெட்டியை யு.எஸ்.பி. ஒயரால் கணினியோடு இணைக்க வேண்டும். ரீசெட் பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டே பவர் பொத்தானைப் போட வேண்டும். வழக்கமாக எரியும் சிவப்பு விளக்கு எரியாது, டிவியிலும் ஒன்றும் வராது. பெட்டி அப்போது தன் வழக்கமான வேலையைத் தொடங்காமல், வெளியிலிருந்து கட்டளைக்குக் காத்திருக்கும். முதல் வேலையாக உள்ளே இருப்பதை அப்படியே நகலெடுத்துக் கணினியில் பத்திரப்படுத்த வேண்டும். எது தவறினாலும் பழைய நிலைக்குத் திரும்ப அந்த நகல்தான் ஆதாரம், அதை யாரும் தவிர்க்காதீர்கள். பிறகு பெட்டியின் கெர்னலை மாற்றி எழுதும். அதன்பின் கணினியில் ஆட்டங்களைத் தேர்ந்தெடுத்து அனுப்பலாம்.

எழுத எளிதாக இருக்கிறது. எங்களுக்கு ஒன்றரை மணி நேரம் பெட்டியைக் கணினி கண்டுகொள்ளவே இல்லை. டிரைவரை இறக்கினோம், ஏற்றினோம், ரீசெட்டைப் பிடித்திருந்த பையனுக்கு விரல் மரத்துப்போனது. கடைசியில் பார்த்தால் ஒயர்தான் காரணம். மின்சாரம் மட்டும் கடத்தும் சார்ஜர் ஒயரைச் சொருகியிருந்தோம், தகவல் கடத்தும் கம்பி அதற்குள் கிடையாது. ஒரு அக்காவின் செல்போன் ஒயரை வாங்கிச் சொருகியதும் திரையில் பச்சைப் பட்டை ஓடியது. இதைப் படித்துவிட்டு முயல்பவர்கள் முதலில் ஒயரைப் பாருங்கள்.

கதவு திறந்துவிட்டது, எதை உள்ளே விடுவது? இதற்கு ஒரு கூட்டமே போட்டோம். அப்பாக்களின் டேங்க், கார் ஆட்டக் கோப்புகள் இணையத்தில் கொட்டிக் கிடக்கின்றன. ஆனால் அவை இன்னும் நிறுவனங்களின் பதிப்புரிமையில் இருப்பவை, இறக்கினால் சட்டப்படி தவறு. எங்களில் ஒருவர் கோபமாகக் கேட்டார்: "நாம படிச்ச எம்.ஏ.வே ஜெராக்ஸ்ல படிச்சதுதானே?" உண்மைதான். சமூகவியல் நூல் ஒன்று எங்கள் ஒரு மாத விடுதிச் சாப்பாட்டுச் செலவுக்குச் சமம். டெல்லிப் பல்கலைக்கழக ஜெராக்ஸ் கடை மீது ஆக்ஸ்ஃபோர்டு, கேம்பிரிட்ஜ் பதிப்பகங்கள் 2012இல் போட்ட வழக்கு நினைவிருக்கும். பாடத்துக்காக நகலெடுப்பது குற்றமில்லை என்று 2016இல் டெல்லி உயர்நீதிமன்றம் சொன்னது, மறு ஆண்டு பதிப்பகங்கள் பின்வாங்கின. அந்தத் தீர்ப்பு வந்த அன்று நாங்கள் இனிப்பு வாங்கிச் சாப்பிட்டோம். ஆனால் அது கல்விக்கான விலக்கு, கேமுக்கு நீட்டி இழுக்க முடியாது. நம் பெட்டியைத் திறப்பது வேறு, பிறர் ஆக்கியதை எடுப்பது வேறு என்று ஒரு பக்கம். யாருக்கும் விற்கவே விற்காத ஒன்றை எடுத்தால் யாருக்கு நட்டம் என்று மறு பக்கம். அன்று முடிவு எட்டவில்லை, இன்றும் எட்டவில்லை. மாலைப் பள்ளி பொது இடம், நாளைக்கு யாராவது கேட்டால் பிள்ளைகள் முன்னால் நாம் தலைகுனியக் கூடாது என்பதால் இலவசமாக விடப்பட்ட ஆட்டங்களை மட்டும் ஏற்றுவது என்று தற்காலிகமாக ஒப்புக்கொண்டோம். டேங்க் கேட்ட அப்பாவிடம் இதைச் சொன்னபோது அவர் எங்களை வினோதமாகப் பார்த்தார்.

பழைய பெட்டிக்கு இன்றும் புதிதாக ஆட்டம் எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள் என்பது எங்களுக்கே செய்தி. அவர்களில் பலர் மூல நிரலோடு இலவசமாகவே விடுகிறார்கள், மாற்றிக்கொள்ளவும் அனுமதி உண்டு. டேமியன் யெரிக் என்பவர் எழுதிய இரண்டை எடுத்தோம். ஒன்று கான்சென்ட்ரேஷன் ரூம், சீட்டுகளைக் கவிழ்த்துவைத்து ஜோடி சேர்க்கும் ஆட்டம். மற்றது த்வெய்ட். ஒரு சிற்றூரின் வீடுகள் மீது வானத்திலிருந்து ஏவுகணைகள் விழும், கீழேயிருந்து சுட்டு வீடுகளைக் காப்பாற்ற வேண்டும். எல்லா ஆட்டமும் பெட்டிக்குள் இருக்கும் எமுலேட்டரில் ஓடிவிடாது. பழைய கேசட்டுகளுக்குள் ஆட்டத்துக்கு ஆட்டம் வேறு வேறு கூடுதல் சில்லுகள் இருந்ததால் சிலவற்றுக்கு ரெட்ரோஆர்ச் என்ற இன்னொரு மென்பொருளையும் ஹக்ச்சி வழியாக ஏற்ற வேண்டும். இந்த இரண்டுக்கும் அது தேவைப்படவில்லை.

ஒவ்வொரு ஆட்டத்துக்கும் பெட்டியின் பட்டியலில் ஒரு பெயரும் ஒரு அட்டைப்படமும் வேண்டும். பெயரைத் தமிழில் தட்டினோம், வரவில்லை. படம் எதுவானாலும் ஏற்றுக்கொண்டது. ஆகவே எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி வெள்ளைத்தாளில் ஸ்கெட்ச் பேனாவால் வீடுகளும் நெருப்பும் வரைந்து, மேலே 'நம்ம தெரு' என்று எழுதினாள். அதைச் செல்போனில் படமெடுத்துப் போட்டோம். மரியோவுக்கும் செல்டாவுக்கும் நடுவில் 'நம்ம தெரு' வந்து நின்றது. அவளுடைய அம்மாவைக் கூட்டிவந்து காட்டினாள். அந்த அம்மா ஆட்டத்தை ஆடவில்லை, அட்டைப்படத்தையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

இனி எழுதப்போவது எங்களுக்கு வெட்கமான பகுதி. இருவர் ஆடும் ஆட்டங்களுக்காக இரண்டாவது ஜாய்ஸ்டிக் வாங்கினோம். அசல் கிடைக்கவில்லை, நகல்தான். பத்து நாளில் அதன் 'ஏ' பொத்தான் ஒட்டிக்கொள்ள ஆரம்பித்தது. அமுக்கினால் எழும்பாது, நகத்தால் நெம்ப வேண்டும். சரிசெய்ய வேண்டும் என்று குறித்துவைத்தோம், மறந்தோம். மூன்றாவது வாரம் வரிசையைக் கவனித்துக்கொண்டிருந்த தோழர் ஒருவர், வகுப்பு முடிந்ததும் எங்களை நிறுத்தி, "ரெண்டாவது ஜாய்ஸ்டிக் யார் யார் கைல இருக்குன்னு பாத்தீங்களா?" என்றார். மறுநாள் பார்த்தோம். பெண் பிள்ளைகள் கையில் இருந்தது. காலனியின் கடைசி வரிசையில் இருக்கும் நான்கு அருந்ததியர் வீட்டுப் பிள்ளைகள் கையில் இருந்தது. யாரும் சட்டம் போடவில்லை, யாரும் பிடுங்கவும் இல்லை. பெரிய பையன்கள் முதலில் வந்து நல்லதை எடுத்துக்கொள்கிறார்கள், மிச்சம் யாருக்கு என்பது தானாகவே முடிவாகிவிடுகிறது. ஒரு சிறுவனிடம் கேட்டோம். "எனக்கு ஆட வராதுண்ணா" என்றான். திண்ணைக்குக் கீழே நின்று நாங்கள் சொன்ன அதே சொல்.

அன்று இரவே ஜாய்ஸ்டிக்கைத் திருப்புளியால் திறந்தோம். உள்ளே பெரிதாக ஒன்றுமில்லை. பொத்தானுக்கு அடியில் ரப்பர் தகடு, அதன் ஓரத்தில் பிசிறு. பிளேடால் சீவி, ஸ்பிரிட் தொட்டுத் துடைத்து மூடினோம். இருபது நிமிட வேலை. இருபது நிமிட வேலையை மூன்று வாரம் தள்ளிப்போட்டிருக்கிறோம், காரணம் அது எங்கள் கைக்கு வரவில்லை. இப்போது எந்த ஜாய்ஸ்டிக் யாருக்கு என்பதைச் சீட்டுக் குலுக்கித்தான் கொடுக்கிறோம். செவ்வாயும் வெள்ளியும் பெண் பிள்ளைகளுக்கு மட்டும். பையன்கள் இதை எதிர்த்து ஒரு மனு எழுதிக் கொடுத்தார்கள், பிழையில்லாத தமிழில். மனுவைப் பாராட்டிவிட்டு நிராகரித்தோம்.

இதற்கிடையில் எங்களுக்கு நோட்டு, பேனா, வாடகைக்குப் பணம் தரும் அமைப்பிலிருந்து பார்வைக்கு வந்தார்கள். வந்தவர் நல்ல மனிதர்தான். டிவியையும் பெட்டியையும் பார்த்துவிட்டு, "இந்தப் பிள்ளைங்களுக்கு இதெல்லாம் எதுக்கு மேடம்? ஸ்போக்கன் இங்கிலீஷ் வைங்க, கம்ப்யூட்டர் டைப்பிங் வைங்க" என்றார். "இந்தப் பிள்ளைங்க" என்ற சொல்லை எங்கள் காது தனியாகப் பிரித்து எடுத்துக்கொள்ளும், பழக்கம். அவருடைய மகன் வீட்டில் என்ன ஆடுகிறான் என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை, மார்ச் மாத வாடகை பாக்கி இருந்தது.

அறிக்கையில் எழுத ஒரு காரணம் கேட்டார். எங்களிடம் காரணங்கள் தயாராகவே இருந்தன. எண்மத் திறன், கையும் கண்ணும் ஒருங்கிணைதல், குழுவாகச் செயல்படுதல். சமூகப்பணித் துறையில் இருப்பவர்களுக்கு இப்படிப் பத்து வரி தூக்கத்திலும் வரும். எழுதியும் விட்டோம். ஐ.நா. குழந்தை உரிமை உடன்படிக்கையின் 31வது பிரிவு விளையாட்டை உரிமை என்கிறது, இந்தியா 1992இல் அதை ஏற்றது என்பதைப் பயிற்சி வகுப்புகளில் நாங்களே எடுத்துச் சொல்கிறவர்கள். அம்பேத்கர் 1945இல் 'காங்கிரசும் காந்தியும் தீண்டத்தகாதவர்களுக்குச் செய்தது என்ன?' நூலில் எந்திரங்களுக்காக வாதாடுகிறார். எந்திரம் மனிதருக்கு ஓய்வைத் தரும், ஓய்வு இல்லாமல் பண்பாடு இல்லை என்பது அவர் வாதம். ஓய்வு சிலருக்கு மட்டும் என்று வைத்திருக்கும் சமூகத்தைத்தான் அவர் சாடுகிறார். இவ்வளவும் தெரிந்தும், பிள்ளைகள் விளையாடுகிறார்கள் என்று ஒரு வரி எழுத எங்களுக்குக் கை வரவில்லை. நம் பிள்ளை சும்மா இருந்தால்கூட அதற்கு ஒரு பயன் காட்ட வேண்டியிருக்கிறது.

இரண்டு நாள் கழித்து அறிக்கையைத் திரும்ப வாங்கி, அந்தப் பத்தியை அடித்துவிட்டு 'விளையாட்டு, வாரம் ஐந்து மணி நேரம்' என்று எழுதி அனுப்பினோம். அடுத்த காலாண்டு நோட்டுகளுக்கான பணம் குறைந்து வந்தது. அறிக்கைதான் காரணமா, அவர்களுக்கே பணம் குறைந்ததா, கேட்கவில்லை. காலனியில் வீட்டுக்கு இருபது ரூபாய் வசூலித்துச் சமாளித்தோம். டேங்க் கேட்ட அப்பா நூறு ரூபாய் கொடுத்தார்.

'நம்ம தெரு' பற்றி இன்னும் கொஞ்சம். அந்த ஆட்டத்தை முதலில் ஆடியபோது பிள்ளைகள் ஏவுகணையை ஏவுகணை என்று சொல்லவில்லை, "ஊர்க்காரன் வர்றான்" என்று கத்தினார்கள். 2012 நவம்பர் 7 அன்று தருமபுரி நத்தம், அண்ணா நகர், கொண்டம்பட்டி காலனிகள் எரிந்தபோது இவர்களில் பலர் பிறந்திருக்கவில்லை. நாங்கள் இவர்களிடம் அதைச் சொன்னதாகவும் நினைவில்லை. வீடுகளில் பேச்சு காதில் விழுந்திருக்கும். ஒரு தோழர், இந்த ஆட்டத்தை எடுத்துவிடலாம், பயம் கூடும் என்றார். பிள்ளைகளிடமே கேட்டோம். "எடுக்காதீங்கக்கா, நாங்க காப்பாத்திட்டுதானே இருக்கோம்" என்றாள் ஒரு ஐந்தாம் வகுப்புக்காரி. இருவர் சேர்ந்து ஆடினால் ஒரு வீடும் போகாமல் இரண்டு இரவு தாண்டிவிடுகிறார்கள்.

மூல நிரல் திறந்திருக்கிறதே, வீடுகளை நம் வீடுகளாக மாற்றினால் என்ன என்று பத்தாம் வகுப்பு முடித்த ஒருவன் தொடங்கினான். பழைய ஆட்டங்களில் படம் என்பது எட்டுக்கு எட்டுப் புள்ளிக் கட்டங்கள். ஒரு கட்டத்தில் பின்னணியோடு சேர்த்து நான்கு நிறங்கள்தான். அதற்கென்று ஒரு மென்பொருள் இருக்கிறது, கோலப்புள்ளி போல ஒவ்வொன்றாக நிறம் நிரப்ப வேண்டும். பிள்ளைகள் கணக்கு நோட்டின் கட்டங்களில் முதலில் வரைந்துவிட்டு வருகிறார்கள். ஓட்டு வீடு வந்தது. கூரை வீடு வந்தது, ஆனால் எரிவதற்கு லாயக்கான வீடு வேண்டாம் என்று அவர்களே விவாதித்து நீக்கிவிட்டார்கள். தெருமுனையில் அம்பேத்கர் சிலை வைக்க வேண்டும் என்றார்கள். நீலக் கோட்டும் நீட்டிய கையும் நான்கு கட்டத்தில் வந்துவிட்டன. எங்கள் தெருமுனைச் சிலை இரும்புக் கூண்டுக்குள் இருக்கிறது, தமிழ்நாட்டில் நிறைய ஊர்களில் அப்படித்தான். ஒருவன் கம்பிகளை வரையப் பார்த்தான். கம்பி போட்டால் கை தெரியவில்லை, கையைக் காட்டினால் கம்பிக்கு இடமில்லை. ரப்பரால் கம்பிகளை அழித்துவிட்டான்.

இப்போது தண்ணீர்த் தொட்டி வரைந்துகொண்டிருக்கிறார்கள். வேங்கைவயலுக்குப் பிறகு எங்கள் காலனித் தொட்டிக்கு மூடியும் பூட்டும் போட்டோம், சாவி முறைவைத்து வீடு வீடாகப் போகும். ஆட்டத்திலும் தொட்டி விழக் கூடாதாம், விழுந்தால் அந்த இரவு தோல்வியாம். அதற்கு நிரலையே திருத்த வேண்டும், எங்களில் யாருக்கும் அது தெரியாது. பையன் தொட்டியை வரைந்து முடித்துவிட்டான், கால்கள்தான் சரியாக வரவில்லை. நான்கு கால் போட்டால் மேசை மாதிரி இருக்கிறதாம், இரண்டு போட்டால் ஆள் மாதிரி. நேற்று மூன்று போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான்.